நிலத்துக்கு 'ஸ்டே' வாங்கிட்டாங்க... மேல் கோர்ட்டுக்குப் போனால் என்ன ஆகும்?

நிலத் தகராறில் வழக்கு போட்ட சில நாட்களிலேயே ஒரு இடைக்கால உத்தரவு வந்துவிடுகிறது. 'கோர்ட்டே சொல்லிடுச்சு' என்று ஒரு தரப்பு சந்தோஷப்படும். 'மேல் கோர்ட்டுல பாத்துக்கறோம்' என்று இன்னொரு தரப்பு கிளம்பும். உண்மையில் இந்தக் கட்டத்தில் யாரும் ஜெயிக்கவும் இல்லை, தோற்கவும் இல்லை.

ஆனால் பிரதான வழக்கு முடிய வருடக்கணக்கில் ஆகும். அதுவரை நிலம் யார் கையில் இருக்கும், அதில் கட்டலாமா, விற்கலாமா என்பதை இந்த இடைக்கால உத்தரவுதான் தீர்மானிக்கிறது. அதனால்தான் அதை எதிர்த்து மேல்முறையீடுகளும் அதிகம். மேல் கோர்ட் இதில் எதைப் பார்க்கும், எதைப் பார்க்காது? விரிவாகப் பார்க்கலாம்.

முக்கிய அம்சங்கள்

- இடைக்கால உத்தரவு என்பது தீர்ப்பு அல்ல. நிலம் யாருக்குச் சொந்தம் என்று அது முடிவு செய்வதில்லை.
- மேல்முறையீட்டு நீதிமன்றம் வழக்கை முதலிலிருந்து விசாரிக்காது. கீழ் கோர்ட் சட்டப்படி முடிவெடுத்ததா என்றுதான் பார்க்கும்.
- சட்டத்தில் அப்பீல் வழி இருக்கும்போது அதை விட்டுவிட்டு நேராக ஹைகோர்ட்டுக்குப் போனால் மனு நிற்காமல் போகலாம்.
- அப்பீல் போட்டதாலேயே தடை உத்தரவு நின்றுவிடாது.

'ஸ்டே' என்று நாம் சொல்வது எதை?

பேச்சு வழக்கில் எல்லாமே 'ஸ்டே'தான். சட்டத்தில் அப்படி இல்லை.

'இந்த நிலத்துக்குள் நுழையாதே', 'கட்டடம் கட்டாதே', 'விற்காதே' என்று ஒரு தரப்பைத் தடுக்கும் உத்தரவு இடைக்கால உறுத்துக்கட்டளை. கோர்ட் வட்டாரத்தில் இன்ஜங்ஷன் என்பார்கள். சிவில் நடைமுறைச் சட்டத்தின் ஆணை 39 இதைப் பற்றியது.

ஒரு கோர்ட்டின் உத்தரவையோ, நடந்துகொண்டிருக்கும் வழக்கையோ மேல் கோர்ட் நிறுத்தி வைப்பதுதான் ஸ்டே.

'ஸ்டேட்டஸ் கோ' என்று இன்னொன்று உண்டு. இப்போதிருக்கும் நிலையே தொடரட்டும் என்பது அதன் பொருள். கேட்க எளிமையாக இருந்தாலும் தலைவலி இதில்தான் அதிகம். உத்தரவு போட்ட தேதியில் நிலம் யார் அனுபவத்தில் இருந்தது என்று அதில் தெளிவாக இல்லாவிட்டால், 'என் கையில்தான் இருந்தது' என்று இரண்டு தரப்புமே சொல்லும். ஒரே உத்தரவை இருவரும் காட்டிக்கொண்டு போலீஸ் ஸ்டேஷனில் நிற்கும் நிலை வரும்.

எதை வைத்து தடை கொடுக்கிறார்கள்?

தடை கேட்டு வருபவரிடம் நீதிமன்றம் மூன்று கேள்விகளைக் கேட்கும்.

ஒன்று, வழக்கில் முகாந்திரம் இருக்கிறதா? முழுதாக நிரூபிக்கத் தேவையில்லை. விசாரித்துப் பார்க்க வேண்டிய நியாயமான பிரச்சனை இருப்பதைக் காட்டினால் போதும்.

இரண்டு, தடை கொடுக்காவிட்டால் இவருக்கு ஈடுசெய்ய முடியாத இழப்பு வருமா? பணத்தைக் கொடுத்துச் சரிக்கட்டிவிடலாம் என்றால் தடை கிடைப்பது கஷ்டம்.

மூன்று, தடை கொடுத்தால் எதிர்த்தரப்புக்கு வரும் சிரமம் பெரிதா, கொடுக்காவிட்டால் இவருக்கு வரும் சிரமம் பெரிதா? சாதக பாதகத்தை ஒப்பிட்டுப் பார்ப்பது இது.

மூன்றில் ஒன்று மட்டும் இருந்தால் போதாது. பத்திரம் பலமாக இருக்கிறது என்பதற்காகவே தடை கொடுத்துவிட முடியாது. மற்ற இரண்டு கேள்விகளுக்கும் பதில் வேண்டும்.

இந்தக் கட்டத்தில் சாட்சி விசாரணை கிடையாது. பிரமாணப் பத்திரம், கிரயப் பத்திரம், வில்லங்கச் சான்று, பட்டா, சிட்டா, அடங்கல், வரி ரசீது போன்ற ஆவணங்களை வைத்துத்தான் நீதிபதி முடிவெடுக்கிறார். எல்லையில் சந்தேகம் இருந்தால், வழக்கறிஞர் ஒருவரை ஆணையராக நியமித்து இடத்தைப் பார்த்து அறிக்கை தரச் சொல்லலாம்.

இதில் பலர் தடுக்கி விழும் இடம் பட்டா. பட்டா என்பது வருவாய்த்துறை ஆவணம். அது நல்ல துணை ஆதாரம். அதை மட்டும் வைத்து உரிமை முடிவாகிவிடாது.

நமக்கு நோட்டீஸே வரவில்லை, எப்படித் தடை கொடுத்தார்கள்?

எதிர்த்தரப்பைக் கேட்காமல் தடை கொடுப்பது விதிவிலக்குதான். நோட்டீஸ் அனுப்பி அவர் வருவதற்குள் எல்லாம் கைமீறிப் போய்விடும் என்ற நிலையில் மட்டுமே அப்படிக் கொடுக்கலாம். நாளைக் காலை பத்திரப்பதிவு, இன்று இரவே ஜேசிபி வருகிறது என்பது போன்ற சூழல்.

அப்போதும் மூன்று நிபந்தனைகள் உண்டு.

- நோட்டீஸ் இல்லாமல் ஏன் தடை தருகிறோம் என்ற காரணத்தை நீதிபதி எழுத வேண்டும். இது வெறும் சம்பிரதாயம் இல்லை, கட்டாயம் என்று 1993-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது. டெல்லியில் அனுமதியில்லாத கட்டடங்களை இடிப்பதற்கு எதிராகத் தடை வாங்கிய வழக்குகளில் வந்த தீர்ப்பு அது.
- தடை வாங்கியவர் மனு, பிரமாணப் பத்திரம், ஆவணங்களின் நகலை உடனே எதிர்த்தரப்புக்கு அனுப்ப வேண்டும். அனுப்பிவிட்டேன் என்று அன்றோ மறுநாளோ கோர்ட்டில் பிரமாணப் பத்திரம் தாக்கல் செய்ய வேண்டும்.
- தடை கொடுத்த நாளிலிருந்து 30 நாட்களுக்குள் அந்த மனுவை விசாரித்து முடிக்க நீதிமன்றம் முயல வேண்டும். முடியாவிட்டால் அதற்கான காரணத்தைப் பதிவு செய்ய வேண்டும்.

30 நாள் தாண்டினால் தடை தானாகப் போய்விடுமா? போகாது. சென்னை உயர் நீதிமன்றம் வழியாகச் சென்ற ஒரு வழக்கில் 2000-ம் ஆண்டு உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாக்கியது. காலக்கெடு தாண்டியதாலேயே உத்தரவு செல்லாமல் போகாது. அதேசமயம், 30 நாளில் விசாரிக்காமல் இழுத்தடித்தால், கீழ் கோர்ட்டில் மனு நிலுவையில் இருந்தாலும் பாதிக்கப்பட்டவர் அப்பீல் போகலாம் என்றும் சொன்னது.

தடை உத்தரவு வந்தாச்சு. அடுத்து எங்கே போவது?

முதல் வழி, அதே கோர்ட். உத்தரவை நீக்கவோ மாற்றவோ கேட்டு ஆணை 39 விதி 4-ன் கீழ் மனு போடலாம். நோட்டீஸ் இல்லாமல் தடை வாங்கியவர் முக்கியமான விஷயத்தில் தெரிந்தே பொய்யோ, திசைதிருப்பும் தகவலோ சொல்லியிருந்தால் அந்தத் தடையை நீக்க வேண்டும் என்கிறது இந்த விதி. நீக்காமல் விடுவதானால் அதற்கு நீதிபதி காரணம் எழுத வேண்டும்.

இரண்டாவது வழி, மேல்முறையீடு. கோர்ட் வட்டாரத்தில் சி.எம்.ஏ. என்பார்கள். ஆணை 43-ன் கீழ் இந்த உரிமை இருக்கிறது. முன்சீப் கோர்ட் உத்தரவு என்றால் சார்பு நீதிமன்றத்துக்குப் போகும். மாவட்ட நீதிமன்ற உத்தரவு என்றால் ஹைகோர்ட்டுக்கு வரும். மாவட்ட அளவிலான கோர்ட்டுக்குப் போக 30 நாள், ஹைகோர்ட்டுக்குப் போக 90 நாள் அவகாசம். தடை கேட்டுக் கிடைக்காத வாதியும் இதே வழியில் அப்பீல் போகலாம்.

மூன்றாவது வழி, ஹைகோர்ட்டில் சீராய்வு மனு. முதல் அப்பீலில் தோற்றவருக்கு இரண்டாவது அப்பீல் கிடையாது. சிவில் நடைமுறைச் சட்டத்தின் பிரிவு 115-ன் கீழும் பெரும்பாலும் இடமில்லை. காரணம், 2002 ஜூலை முதல் அமலுக்கு வந்த திருத்தம். மனுதாரருக்குச் சாதகமாக உத்தரவு வந்திருந்தால் வழக்கே முடிந்திருக்கும் என்ற நிலையில்தான் 115-ன் கீழ் தலையிடலாம் என்று அது சொல்கிறது. தடை உத்தரவு வழக்கை முடிக்காது. எனவே மிஞ்சுவது அரசியலமைப்புச் சட்டத்தின் 227-வது பிரிவு. கீழ் கோர்ட்டுகளை மேற்பார்வை செய்யும் அதிகாரம் அது.

கடைசி வழி உச்ச நீதிமன்றம். 136-வது பிரிவின் கீழ் சிறப்பு அனுமதி மனு போடலாம். அது உரிமை அல்ல. அனுமதிப்பதா இல்லையா என்பது உச்ச நீதிமன்றத்தின் விருப்பம்.

இதெல்லாம் தனியாருக்கு இடையிலான வழக்குக்கு. அரசு நிலம் கையகப்படுத்துவதை எதிர்ப்பவர்கள் பெரும்பாலும் ரிட் மனுவாக நேரடியாக ஹைகோர்ட்டுக்கு வருவார்கள். அந்தப் பாதை வேறு.

மேல் கோர்ட் எதைப் பார்க்கும்?

பலரும் தப்பாகப் புரிந்துகொள்வது இதைத்தான். 'மேல் கோர்ட்டுல எல்லாத்தையும் திரும்பச் சொல்லலாம்' என்று நினைக்கிறார்கள். தடை கொடுப்பதும் மறுப்பதும் கீழ் கோர்ட்டின் விருப்புரிமை. அந்த நீதிபதி எடுத்த முடிவு நியாயமாக எடுக்கக்கூடிய ஒரு முடிவாக இருந்தால், 'நானாக இருந்தால் வேறு மாதிரி முடிவெடுத்திருப்பேன்' என்பதற்காக மேல் கோர்ட் அதை மாற்றாது.

1990-ல் வாண்டர் நிறுவனம் தொடர்பான ஒரு டிரேட்மார்க் வழக்கில் உச்ச நீதிமன்றம் இந்த வரையறையை வகுத்தது. இன்றும் நில வழக்குகளில் இது மேற்கோள் காட்டப்படுகிறது. எளிமையாகச் சொன்னால், மேல் கோர்ட் தலையிட இவற்றில் ஏதாவது ஒன்று இருக்க வேண்டும்:

- கீழ் கோர்ட் தன்னிச்சையாகவோ மனம்போன போக்கிலோ முடிவெடுத்திருக்க வேண்டும்.
- கண்முன் இருக்கும் ஆவணத்துக்கு நேர்மாறான முடிவுக்கு வந்திருக்க வேண்டும்.
- தடை விஷயத்தில் நிலைபெற்ற சட்டக் கோட்பாடுகளைக் கண்டுகொள்ளாமல் விட்டிருக்க வேண்டும்.

நடைமுறையில் இதற்கு ஒரு பெரிய விளைவு உண்டு. கீழ் கோர்ட்டில் தாக்கல் செய்யாத ஆவணத்தை அப்பீலில் புதிதாகக் கொண்டுவருவது எளிதல்ல. ஏன் முன்பே தரவில்லை என்று கேட்பார்கள். 'இது சும்மா இடைக்கால மனுதானே' என்று முதல் வாரத்தில் அலட்சியமாக விட்டவர்கள் மேல் கோர்ட்டில் திணறுவது இதனால்தான்.

ஒரே நிலம், நான்கு கோர்ட்: பரித்கோட் வழக்கு

மேல்முறையீடு எப்படி மாறி மாறிப் போகும் என்பதற்கு பஞ்சாபின் பரித்கோட்டைச் சேர்ந்த மகர்வால் கேவாஜி டிரஸ்ட் வழக்கு நல்ல உதாரணம். 2004-ல் உச்ச நீதிமன்றம் இதில் முடிவு சொன்னது.

நிலத்துக்கு உரிமை கோரி டிரஸ்ட் வழக்கு போட்டது. வழக்கு முடியும்வரை எதிர்த்தரப்பு நிலத்தை விற்கவோ அதில் கட்டவோ கூடாது என்று விசாரணை நீதிமன்றம் தடை கொடுத்தது.

எதிர்த்தரப்பு அப்பீல் போனது. வழக்கு முடிய நீண்ட காலம் ஆகும், அதுவரை நிலத்தைப் பயன்படுத்தாமல் போட்டு வைப்பது நஷ்டம் என்பது அவர்கள் வாதம். அப்பீல் கோர்ட் அதை ஏற்று, நிபந்தனையோடு கட்ட அனுமதித்தது. ஹைகோர்ட்டும் அதில் தலையிடவில்லை.

உச்ச நீதிமன்றம் இரண்டையும் ரத்து செய்தது. ஈடுசெய்ய முடியாத இழப்பு வரும் என்று காட்டாதவரை, வழக்கு நடக்கும் சொத்தின் தன்மையை மாற்ற அனுமதிக்கக் கூடாது என்றது. விற்பதும் அப்படி மாற்றுவதுதான் என்றது. வழக்கு இழுக்கும் என்பது மட்டும் போதுமான காரணம் அல்ல. கடைசியில் டிரஸ்ட் தோற்றால், தடையால் வந்த இழப்புக்கு எதிர்த்தரப்பு நஷ்ட ஈடு கேட்டுக்கொள்ளலாம் என்றும் சொன்னது.

இதன் பின்னால் இருக்கும் கணக்கு எளிமையானது. கட்டாமல் நிறுத்தி வைத்த இடத்தில் பிறகு கட்டிக்கொள்ளலாம். நான்கு மாடி கட்டி, நாற்பது பேருக்கு ஃபிளாட்டாக விற்றுவிட்டால் அதைத் திரும்பப் பிரிப்பது யாரால் முடியும்?

ஆனால் இதற்கு மறுபக்கமும் உண்டு. வலுவில்லாத வழக்கைப் போட்டு, ஒரு தடையை வாங்கி வைத்துக்கொண்டு, 'சமரசத்துக்கு வா' என்று நெருக்குபவர்களும் இருக்கிறார்கள். வங்கிக் கடனில் வீடு கட்டத் தொடங்கியவருக்கு மாதத் தவணை ஓடிக்கொண்டே இருக்கும், சுவர் மட்டும் எழும்பாது. அதனால்தான் தன்மையை மாற்றக் கூடாது என்ற விதியோடு, மூன்று கேள்விகளுக்கும் பதில் இருக்கிறதா என்று மேல் கோர்ட் சேர்த்தே பார்க்க வேண்டியிருக்கிறது.

'பழைய நிலைக்குக் கொண்டுவா' என்று உத்தரவிட முடியுமா?

முடியும், ஆனால் அபூர்வம். 1990-ல் மும்பையிலிருந்து சென்ற ஒரு குடும்ப வீட்டு வழக்கில் இந்தக் கேள்வி எழுந்தது. பிரிக்கப்படாத குடும்ப வீட்டில் இறந்துபோன சகோதரரின் குடும்பத்தார் தங்கள் பங்கை வெளியாள் ஒருவருக்கு விற்றார்கள். வாங்கியவர் வீட்டுக்குள் வந்துவிட்டார். இன்னொரு சகோதரர் கோர்ட்டுக்குப் போனார்.

ஒரு செயலைச் செய்யாதே என்பதைவிட, செய்ததைத் திருப்பு என்று இடைக்காலத்திலேயே சொல்வதற்குக் கூடுதல் வலு வேண்டும் என்றது உச்ச நீதிமன்றம். சாதாரண முகாந்திரம் போதாது. ஆனாலும் அந்த வழக்கில் அந்த வலு இருப்பதாகக் கண்டு, தடைக்கு எதிராக ஹைகோர்ட் கொடுத்த உத்தரவை ரத்து செய்தது.

நேராக ஹைகோர்ட்டுக்குப் போனால் சீக்கிரம் முடியுமா?

பலரும் நினைப்பது அதுதான். 227-வது பிரிவு அதிகாரம் பெரியது என்பதும் உண்மை. ஆனால் உச்ச நீதிமன்றம் இந்த வாசலைத் தொடர்ந்து குறுக்கி வந்திருக்கிறது.

மேலே சொன்ன 2000-ம் ஆண்டு வழக்கில், அதே கோர்ட்டில் மனு, அப்பீல் என இரண்டு வழிகள் இருந்தும் கட்சிக்காரர் நேராக ஹைகோர்ட்டுக்கு வந்திருந்தார். முதலில் அந்த வழிகளுக்குத்தான் அவரை அனுப்பியிருக்க வேண்டும் என்றது உச்ச நீதிமன்றம்.

2015-ல் மூன்று நீதிபதிகள் அமர்வு, சிவில் கோர்ட்டின் நீதிமுறை உத்தரவை எதிர்த்து 226-வது பிரிவின் கீழ் ரிட் மனு போட முடியாது என்று தெளிவாக்கியது. 227 மட்டும்தான் வழி.

2019-ல் விருதுநகர் இந்து நாடார்கள் தர்ம பரிபாலன சபை வழக்கில் இன்னும் ஒரு படி போனது. சிவில் நடைமுறைச் சட்டத்திலேயே அப்பீல் வழி இருந்தால், 227-வது பிரிவைப் பயன்படுத்துவதற்கு அது கிட்டத்தட்ட முழுத் தடை போன்றது என்று சொன்னது. அதிகாரம் இல்லை என்பதல்ல அதன் பொருள். ஹைகோர்ட் தன்னைத் தானே கட்டுப்படுத்திக்கொள்ள வேண்டும் என்பதுதான்.

வாசல் மாறிப் போனால் நஷ்டம் யாருக்கு? மனு போட்டவருக்குத்தான். ஹைகோர்ட்டில் சில மாதம் போய், 'அப்பீல் போங்கள்' என்று திருப்பி அனுப்பினால், அதற்குள் 30 நாள் கெடு தாண்டியிருக்கும். தாமதத்தை மன்னிக்கக் கேட்டுத் தனி மனு போட வேண்டிவரும்.

'ஆறு மாசத்துல ஸ்டே தானா காலாவதி' என்கிறார்களே?

இப்போது அப்படி இல்லை. 2018-ல் உச்ச நீதிமன்றம், சிவில், கிரிமினல் வழக்கு விசாரணைக்கு விதிக்கப்பட்ட ஸ்டே நீட்டிக்கப்படாவிட்டால் ஆறு மாதத்தில் தானாக முடிந்துவிடும் என்று சொல்லியிருந்தது. 2024 பிப்ரவரி 29 அன்று ஐந்து நீதிபதிகள் கொண்ட அரசியல் சாசன அமர்வு அதை ரத்து செய்தது. காலம் கடந்ததாலேயே ஸ்டே போகாது. அதை நீக்க மனு போட்டு உத்தரவு வாங்க வேண்டும். வாட்ஸ்அப்பில் வரும் பழைய தகவலை நம்பிக் களத்தில் இறங்கினால் வம்பில்தான் முடியும்.

அப்பீல் போட்டாச்சு, இனி வேலையை ஆரம்பிக்கலாமா?

கூடாது. அப்பீல் போட்டதாலேயே கீழ் கோர்ட் உத்தரவு நிற்பதில்லை. மேல் கோர்ட் அதைத் தனியாக நிறுத்தி வைத்தால்தான் உண்டு. உத்தரவு தப்பு என்று தோன்றினாலும், அது இருக்கும்வரை கட்டுப்பட வேண்டும். மீறினால் சொத்தை ஓராண்டு வரை ஜப்தி செய்யலாம், மூன்று மாதம் வரை சிவில் சிறையில் வைக்கலாம் என்கிறது ஆணை 39 விதி 2ஏ.

மக்கள் அதிகம் கேட்கும் கேள்விகள்

வழக்கு நடக்கும் நிலத்தை வாங்கலாமா?

தடை இல்லாவிட்டால் பத்திரம் பதிவாகலாம். ஆனால் சொத்து மாற்றுச் சட்டத்தின் பிரிவு 52-ன்படி, வழக்கு நடக்கும்போது வாங்கியவரையும் தீர்ப்பு கட்டுப்படுத்தும். விற்றவர் தோற்றால் வாங்கியவரும் தோற்றவர்தான்.

எதிர்த்தரப்பு தடை வாங்கப் போகிறது என்று முன்பே தெரிந்தால்?

பிரிவு 148ஏ-ன் கீழ் கேவியட் மனு போடலாம். நம்மைக் கேட்காமல் உத்தரவு போட வேண்டாம் என்று கோர்ட்டிடம் முன்கூட்டியே சொல்வது இது. 90 நாள் வரை செல்லும். அப்பீல் வரும் என்று தெரிந்தால் மேல் கோர்ட்டிலும் போடலாம்.

பொய் சொல்லித் தடை வாங்கினால் நஷ்ட ஈடு உண்டா?

உண்டு. போதிய காரணமில்லாமல் தடை வாங்கியவர் 50,000 ரூபாய் வரை தரும்படி அதே வழக்கிலேயே உத்தரவிடலாம் என்கிறது பிரிவு 95. இன்றைய நில மதிப்புக்கு இது ரொம்பவே சின்னத் தொகை. ஆவணத்தை மறைப்பதன் விளைவு அதைவிடப் பெரிது. முக்கிய ஆவணத்தை மறைத்து வாங்கிய டிகிரியே செல்லாது என்று 1993-ல் தமிழ்நாட்டிலிருந்து சென்ற ஒரு சொத்து வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது.

மேல் கோர்ட்டே நமக்குச் சாதகமாகச் சொல்லிவிட்டது. வழக்கு ஜெயித்த மாதிரிதானே?

இல்லை. அந்தக் கருத்துகள் இடைக்கால மனுவுக்கு மட்டும்தான். சாட்சி, குறுக்கு விசாரணை எல்லாம் முடிந்த பிறகு விசாரணை நீதிமன்றம் வேறு முடிவுக்கு வரலாம்.

தடை மட்டும் கேட்டால் போதுமா?

உரிமையிலேயே சந்தேகம் இருக்கும் வழக்கில் போதாது. தடையோடு, சொத்து தன்னுடையது என்று அறிவிக்கக் கோரியும் வழக்கு போட வேண்டும் என்று 2008-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது. இதைத் தவறவிட்டால் பல ஆண்டு கழித்து வழக்கே அடிபடலாம்.

கடைசியில் கவனிக்க வேண்டியது

தடை கிடைத்தவருக்கு வழக்கை முடிக்க அவசரம் இருக்காது. தடையால் பாதிக்கப்பட்டவர் மேல் கோர்ட்டுகளுக்கு அலைந்துகொண்டிருப்பார். இரண்டுக்கும் நடுவில் பிரதான வழக்கு அப்படியே கிடக்கும். பல அப்பீல்களில் மேல் கோர்ட்டுகள், தடை சரியா தப்பா என்பதற்குள் அதிகம் போகாமல், 'இத்தனை மாதத்துக்குள் வழக்கை முடியுங்கள்' என்று கீழ் கோர்ட்டுக்கு உத்தரவிடுவது இதனால்தான்.

ஆகவே அப்பீலில் தோற்றவர்கூட, வழக்கை விரைந்து முடிக்கக் கெடு விதிக்கும்படி கேட்டு வாங்கினால் அது பெரிய பலன்தான். நிலம் யாருக்கு என்பதை எந்த இடைக்கால உத்தரவும் சொல்லப்போவதில்லை. அதைச் சொல்லப்போவது முதலில் வழக்கு போட்ட அந்தச் சின்ன கோர்ட்டில் நடக்கும் விசாரணைதான்.